சூட்டைக் குறைக்கும் திருகு

தஞ்சாவூர்
18.12.1978

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே மூவரும் சுகம். மூவர் என்று எழுதுவதே இன்னும் புதுசாக இருக்கிறது. பாப்பாவுக்கு உன் மூக்கு என்கிறாள் ஜெயா. விவசாயச் சங்க ஆபீஸ் அறையைக் காலி செய்துவிட்டு நல்ல வீடு ஒன்றுக்கு வந்துவிட்டோம். குளியலறையில் கரண்டு பாய்லர் இருக்கிறது. அதுதான் தொல்லை. குழாயைத் திறந்தால் கொதிக்கக் கொதிக்கக் கொட்டுகிறது. நேற்று பாப்பாவுக்குத் தண்ணீர் பிடித்த ஜெயாவுக்குப் புறங்கை கொப்பளித்துவிட்டது. மச்சானுக்குத்தான் மோட்டார், ஒயரிங் எல்லாம் தெரியுமே. சூட்டைக் குறைப்பது எப்படி என்று கேட்டு எழுது.

உங்கள் குத்தகை வழக்குக்குத் தை மாதம் தாசில்தார் விசாரணை வைப்பார். பண்ணையார் நிலத்தை நீங்கள்தான் குத்தகைக்கு உழுகிறீர்கள் என்று சொல்ல நான் இருக்கிறேன். பயப்படாதே.

உன் தம்பி
உலகநாதன்

பூதலூர்
23.12.1978

அருமைத் தம்பிக்கு,

ஜெயா கைக்குத் தேங்காய் எண்ணெய் தடவச் சொல். உன் மச்சான் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். முதலில் மெயினை அணைத்துவிடு. பாய்லரின் அடி மூடியைக் கழற்றினால் சின்னத் திருகு ஒன்று தெரியும், பக்கத்தில் எண்கள் இருக்கும். அதை ஸ்க்ரூ டிரைவரால் இடப்பக்கம் மெதுவாகத் திருப்பி ஐம்பதில் நிறுத்து. மூடியை மாட்டிய பிறகுதான் கரண்டு போட வேண்டும். பிள்ளைக்கு ஊற்றுமுன் முழங்கையை விட்டுப் பார்க்கச் சொல்.

வீடு மாறிய பிறகா சொல்வது? பால் காய்ச்ச அக்கா வேண்டாமா? யார் வீடு அது?

பண்ணையார் துரைராசு ஆள் விட்டு நிலத்தைக் காலி செய்யச் சொன்னார். உன் பேரைச் சொல்லித்தான் வந்தவன் வாயை அடைத்தேன்.

அன்புடன்
அக்கா மலர்கொடி

தஞ்சாவூர்
4.1.1979

அன்புள்ள அக்காவுக்கு,

மச்சான் சொன்னபடி திருப்பினேன். இப்போது வெதுவெதுப்பாக வருகிறது. பாப்பா அழாமல் குளிக்கிறாள்.

வீடு தெரிந்தவர் ஒருவருடையது. சங்கத்துக்காரனுக்கு யார் வீடு தருகிறார்கள்? பிள்ளை பிறந்த பிறகு மனசு ஓர் இடத்தில் உட்காரத் தேடுகிறது, அக்கா. பாப்பாவுக்குச் சளி. இப்போது புறப்பட்டு வர வேண்டாம். விசாரணையில் பார்ப்போம்.

உலகநாதன்

பூதலூர்
30.1.1979

உலகநாதனுக்கு,

விசாரணையில் பார்த்தோம். நீதான் எங்களைப் பார்க்கவில்லை. தாசில்தார் கேட்டபோது, "இவங்க குத்தகைக்காரங்க இல்லைங்க. கூலிக்கு வந்தவங்க" என்று சொன்னாய். என் காதுதான் கோளாறு என்று நினைத்தேன். வெளியே வந்ததும் உன் மச்சான் கூப்பிடக் கூப்பிடப் பண்ணையார் காரில் ஏறிப் போய்விட்டாய்.

மறுநாள் உன் மச்சான் உன் விலாசம் தேடி வந்தார். நீ இல்லை. ஜெயா உட்கார வைத்துக் காப்பி கொடுத்தாளாம். இது பண்ணையாரின் டவுன் வீடு, வாடகை கிடையாது என்றாளாம். எங்களுக்குத் தெரியும் என்று நினைத்திருக்கிறாள், பாவம். பாய்லரைக் காட்டி, "உங்களாலதான் அண்ணே பிள்ளை நிம்மதியா குளிக்குது" என்றாளாம். அவர் குழாயைத் திறந்து கையை நீட்டிப் பார்த்துவிட்டு, சூடு சரியாக இருக்கிறது என்று மட்டும் சொல்லிவிட்டு வந்துவிட்டார். அவளிடம் விசாரணைப் பேச்சை எடுக்கவில்லை. நான் என்றால் சொல்லியிருப்பேன்.

தாசில்தார் உன் சொல்லை நம்பிப் பண்ணையார் பக்கம் தீர்ப்பு எழுதிவிட்டார். நேற்று பண்ணை ஆட்கள் வந்து எங்கள் சம்பாவை அறுத்துக்கொண்டு போனார்கள். வரப்பில் நின்று பார்த்தோம். பண்ணையார் மேல் எனக்கு ஆத்திரம் வரவில்லை. அவர் என்றைக்கும் அவர்தான்.

அப்பீலுக்குப் போகிறோம். பொன்னுத்தாய் சாட்சி சொல்ல வருகிறாள். எங்கள் வயலில் நாற்று நட்டு எங்கள் கையால் கூலி வாங்கியவள் அவள். கூப்பிடாமலே வந்து நிற்கிறாள்.

பாப்பாவுக்குக் காது குத்தும்போது எனக்குச் சொல்லி அனுப்பாதே. வந்தால் பிள்ளையைத் தூக்கிவிடுவேன். தூக்கினால் உன்னை மன்னித்ததாகிவிடும்.

மலர்கொடி