டேவுக்கு எத்தனை வயது

1987 ஐப்பசி, செவ்வாய். எம்மன்புரூக்கே, சுவிஸ்.

டேவை நம்பலாமா என்று தெரியவில்லை. இங்கிலாந்தில் உதைபந்தாட்ட நான்காம் டிவிசனில் பின்களத்தில் ஆடியவன், இப்போது எங்கள் சின்னக் கிளப்பில் என் பக்கத்தில் ஆடுகிறான். வீரர்களின் பதிவுப் படிவங்களைச் சேர்ப்பதும் அவன்தான்.

இன்று படிவத்தில் தவறுதலாக என் உண்மையான பிறந்த திகதியை எழுதிவிட்டேன். கூடக் கொடுத்த அகதி அட்டையில் நான் ஆறு வயது இளையவன். டேவ் இரண்டையும் பார்த்தான். என் திகதியை வெட்டி, அட்டையில் உள்ளதை எழுதினான். "நானும் இங்கே படிவத்தில் மட்டும்தான் முப்பத்தொன்று" என்று சிரித்தான்.

அறையில் என்னோடு இருக்கும் செல்வம் அண்ணையிடம் சொன்னேன். "உன்ர வாயைப் பிடுங்கத்தான் அப்பிடிச் சொல்லியிருப்பான். அவனோட கனக்கக் கதைக்காத" என்றார்.

இருக்கலாம். ஆனால் போகும்போது டேவ் கம்பியைப் பிடித்து, ஒவ்வொரு படியாக நின்று நின்று இறங்கினான். அந்த முழங்காலுக்கு வயது முப்பத்தொன்று இல்லை.

நான் பார்க்க வேண்டும் என்றே அப்படி இறங்கினானோ?