நிரந்தர ஊழியையின் புருஷன்

அசாபா,
நைஜர் ஆற்றின் இக்கரை.
பாலைவனத்து ஹார்மட்டான் காற்றின் தூசி என் மூக்கில் வாடகை கொடுக்காமல் குடியிருக்கும் ஜனவரி.

அறிவும் அழகும் தாய்மாமன் வழியில் வாய்க்கப்பெற்ற என் அக்காள் மகள் இசியோமாவுக்கு, மாமா அசூகா ஆசீர்வாதத்துடன் எழுதுவது. இங்கு யாவரும் நலம். ஒருவரைத் தவிர. அந்த ஒருவர் யாரென்பது போகப் போகத் தெரியும்.

வலது கையை நெஞ்சில் வைத்து முதலிலேயே ஓர் உறுதிமொழி தருகிறேன். இந்தக் கடிதத்தில் நான் சொல்லப்போகும் கதையை நீ நம்பமாட்டாய். லீட்ஸில் உன்னோடு மனிதவளம் படிக்கிறவர்களும், அதைக் கற்பிக்கும் பேராசிரியர்களும் நம்பமாட்டார்கள். எழுதுகிற எனக்கே சந்தேகமாகத்தான் இருக்கிறது.

தொலைபேசியில் சொல்லலாமே என்பாய். நான் மெதுவாகப் பேசினாலே அக்கரையில் ஒனிச்சா சந்தையில் விலை ஏறி இறங்கும். பக்கத்து அறையில் இருக்கும் உன் அத்தைக்குக் கேட்காதா? அதனால்தான் காகிதம். நாளை விமானம் ஏறும் நம் பாதிரியார் மகன் இதை உன் கையிலேயே கொடுப்பான். அவனுக்குச் சாப்பாடு போடு. ஒல்லிப் பயல்.

உன் மாமா யாரென்று உன் பேராசிரியருக்கு எடுத்துச் சொல். அசாபாவில் எடுக்கப்படும் எந்தப் படத்துக்கும் இயக்குநர் இல்லாமல் இருக்கலாம், கதை இல்லாமல் இருக்கலாம் (பெரும்பாலும் இருப்பதில்லை), வெல்ஃபேர் இல்லாமல் இருக்க முடியாது. யாருக்குப் பசி, யாருக்குப் படுக்கை இல்லை, எந்த நடிகை எந்த நடிகையோடு ஒரே வண்டியில் ஏறமாட்டாள் என்று பார்த்து நடத்துகிறவன்தான் வெல்ஃபேர். ஒரு போர்ப் படத்தில் செத்துக் கிடந்த தளபதி என் ஜோலஃப் சோற்றின் வாசனைக்கு எழுந்து உட்கார்ந்துவிட்டார். இயக்குநர் கதையை மாற்றி அவரையே ஜெயிக்க வைத்தார். என் ஜோலஃப் என்றேன். சமைத்தது உன் அத்தை அமுச்சே. ஆனால் உப்பு சரியா என்று பார்த்தது யார்?

இப்படி நாங்கள் அரசாண்டுகொண்டிருந்தபோது லாகோஸிலிருந்து ஒரு கம்பெனி வந்து இறங்கியது. வெளிநாட்டுப் பணம், அறுபது பாகத் தொடர், அரண்மனைக் கதை. ஒளிப்பதிவுப் பெட்டிகளோடு ஒரு மனிதரையும் இறக்கினார்கள். பெயர் கோலாப்போ. பதவி, மூச்சைப் பிடித்துக்கொள், மக்கள் மற்றும் பண்பாட்டுத் துறைத் தலைவர். அதுவரை நாங்கள் மக்கள் என்பதே எங்களுக்குத் தெரியாது!

அவருடைய வாசனைத் திரவியம் காலையில் அவருக்கு முன்னால் வந்துவிடும். அவர் பின்னால் நடந்து வருவார். இந்தத் தூசிக்காலத்தில் அவர் காலணியில் ஒரு துளி செம்மண் ஒட்டியதில்லை. மண்ணே பயந்து ஒதுங்குகிறது என்று விளக்குப் போடும் பையன்கள் பேசிக்கொண்டார்கள். குரலை உயர்த்தவே மாட்டார். குரலை உயர்த்தாத மனிதனை எப்படி நம்புவது, நீயே சொல்.

வந்ததும் முதல் சட்டம்: பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேல் யாரும் வேலை செய்யக்கூடாது. இரண்டாவது, ஒரு கூடாரம். மனக்குறை உள்ளவர்கள் உள்ளே போய் அவரோடு தனியாகப் பேசலாம். முதல் நாள் ஒலிக்கருவி பிடிப்பவன் போனான், அழுதுகொண்டே வந்தான். மறுநாள் ஒப்பனைக்காரிகள். அதற்கடுத்த நாள் கூட்டத்தில் நிற்க வந்த ஊர்க்காரர்கள் எல்லாரும் அழுவதற்கு வரிசையில் நின்றார்கள். வடிந்த கண்ணீரில் கூடாரத் துணி உப்புப் பூத்துப்போயிற்று. நான் அதைச் சுரண்டி எகுசிக் குழம்புக்குப் போட்டிருப்பேன், அத்தை கரண்டியை ஓங்கியதால் விட்டுவிட்டேன்.

இன்னொன்றும் கேள். ஊர்க்காரர்களின் முகத்தைப் படம் பிடித்துக்கொண்டு, கணினியிலேயே பெரிய கூட்டமாகப் பெருக்கிவிடப் போகிறோம் என்று கம்பெனி சொன்னது. கணினிக் கூட்டம் சாப்பிடாது, இசியோமா! சாப்பிடாத கூட்டத்துக்கு வெல்ஃபேர் எதற்கு? நான் கொதித்தேன். ஆனால் எதிர்த்துப் பேசியது யார் தெரியுமா? கோலாப்போ. அவரவர் சம்மதமும் அதற்குத் தனிக் கூலியும் இல்லாமல் ஒரு முகத்தையும் எடுக்கக்கூடாது என்று சொல்லிவிட்டார். எனக்கு வந்த கோபம் கொஞ்சமல்ல. நான் சொல்லியிருக்க வேண்டியதை இவர் எப்படிச் சொல்லலாம்?

வீட்டிலும் இதே பாட்டு. "அவர் தட்டை அவரே கழுவி வைக்கிறாருய்யா" என்பாள் உன் அத்தை. நான் என்றாவது தட்டை உடைத்திருக்கிறேனா? "அவருக்கு எல்லாரு பேரும் தெரியுது" என்பாள். எனக்கு எல்லாருடைய பட்டப்பெயரும் தெரியும், எது கடினம்? அவருக்குக் காரம் ஆகாது என்று அவருக்கு மட்டும் தனியாக ஒரு சின்னச் சட்டியில் குழம்பு இறக்கினாளே, அன்றுதான் நான் போரை அறிவித்தேன். எனக்கு நெஞ்செரிச்சல் வந்த வருஷத்தில்கூடச் சின்னச் சட்டி வந்ததில்லை.

என் போர்த் தந்திரத்தை உன் பாடப்புத்தகத்தில் சேர்க்கலாம். அடுத்த தெருவில் ஒருவன், பிரசங்கம் செய்யும் ஊழியக்காரரைப் பற்றி ஒரு படம் எடுத்துக்கொண்டிருந்தான். அவனுக்கு ஆள் பஞ்சம். கோலாப்போ தருகிற பன்னிரண்டு மணி நேர ஓய்வில் நம் ஆட்கள் சும்மாதானே கிடக்கிறார்கள்? அவர்களை அப்படியே அந்தப் படத்துக்கு அனுப்பி வைத்தேன். அசாபாக்காரனுக்கு ஓய்வு கொடுத்தால் அவன் அடுத்த படத்துக்குப் போவான்; இது லாகோஸ்காரருக்கு எப்படித் தெரியும்? ஒப்பனையைக்கூடக் கலைக்காமல் போனார்கள். அரண்மனைக் காவலாளிகள் அங்கே பாடகர் குழுவில் நின்றார்கள். நம் தொடரின் ராஜா, மூத்த நடிகர் பெனடிக்ட், அங்கே ஊழியக்காரர். ஒரே தாடி.

பிறகு வந்தது முடிசூட்டுக் காட்சி. சிம்மாசனத்தில் பெனடிக்ட். தலைமைப் பூசாரி கிரீடத்தைத் தூக்கினார். ராஜா குறட்டை விட்டார். அந்தக் குறட்டைக்கு அரண்மனைத் திரைச்சீலை உள்ளே போய் வெளியே வந்தது. கிரீடத்தைத் தூக்கிய கையோடு பூசாரியும் நின்றபடியே தூங்கிப்போனார். அவர் அந்த ஊழியக்காரர் படத்தில் போலீஸ் அதிகாரி. இயக்குநர் போட்ட கூச்சலில் ராஜா திடுக்கிட்டு எழுந்து, செங்கோலை உயர்த்தி, "கர்த்தருக்குள் பிரியமானவர்களே!" என்று ஆரம்பித்தார். சபை முழுவதும் எழுந்து ஆமென் சொன்னது. பலிக்குக் கட்டியிருந்த ஆடுகூடச் சொன்னது.

வென்றுவிட்டேன் என்று நினைத்தேன். கோலாப்போ பெட்டியைக் கட்டுவார், வாசனை அவருக்கு முன்னால் லாகோஸ் போய்ச் சேரும் என்று காத்திருந்தேன்.

அந்த மனிதர் யாரையும் திட்டவில்லை. பெனடிக்ட் எதிரே ஒரு கவிழ்த்த வாளியின் மேல் உட்கார்ந்து, "அண்ணே, ஓய்வு கொடுத்தேனே, ஏன் போனீங்க?" என்று கேட்டார். பெனடிக்ட் தாடியைக் கழற்றிக்கொண்டே சொன்னார்: "தம்பி, நீங்க இன்னிக்கு ஓய்வு தர்றீங்க. இந்தத் தொடர் முடிஞ்ச மறுநாள் என்ன தருவீங்க? எங்க தொழில்ல போன் அடிச்சா எடுத்துடணும். ஒரு தடவை எடுக்காம விட்டா அப்புறம் அது அடிக்கவே அடிக்காது."

நான் பின்னால் நின்று பலமாகத் தலையாட்டினேன். அதுதான் நான் செய்த தவறு. என்னைப் பார்த்து மற்றவர்களும் ஆட்டினார்கள். கோலாப்போ எல்லாத் தலைகளையும் பார்த்தார். அன்றைக்கே லாகோஸுக்கு எழுதினார். என்ன மந்திரம் போட்டாரோ, கம்பெனி இறங்கி வந்தது. இனி முக்கியமானவர்கள் தினக்கூலி இல்லை, மாதச் சம்பள நிரந்தர ஊழியர்கள். மருத்துவக் காப்பீடு உண்டு, விடுப்பு உண்டு. ஒளிப்பதிவுக்காரர்கள், ஒலிக்காரர்கள், ஒப்பனைத் தலைவி. அவர்களோடு, லாகோஸில் கட்டியிருக்கும் புதிய ஸ்டூடியோவின் உணவுத் துறைத் தலைவியாக, திருமதி அமுச்சே நுவான்ஸே.

வெல்ஃபேர்? அந்த வேலையை மக்கள் மற்றும் பண்பாட்டுத் துறை ஏற்கெனவே பார்க்கிறதாம். என் கையைப் பிடித்து, "உங்க அனுபவத்தை நான் ரொம்ப மதிக்கிறேன் சார்" என்றார் கோலாப்போ. கை மெத்தென்று இருந்தது. அதையும் மன்னிக்கமாட்டேன்.

அத்தை இந்த மாதக் கடைசிக்குள் கையெழுத்துப் போட வேண்டும். ஸ்டூடியோ பக்கத்திலேயே ஓர் அறை தருகிறார்கள். கழுத்தில் தொங்கும் அடையாள அட்டை முன்கூட்டியே வந்துவிட்டது. அதை மாட்டிக்கொண்டுதான் சந்தைக்குப் போகிறாள். கோழிக்காரி விலையைக் குறைக்கிறாளாம். இனி தெருவில் என்னைக் காட்டி, "அதோ போறார் பார், நிரந்தர ஊழியையோட புருஷன்" என்பார்கள். ஒரு காலத்தில் நான்தான் இங்கே ஓகா, முதலாளி; அவளைக் காட்டி "ஓகா வெல்ஃபேர் சம்சாரம்" என்றார்கள். அதைக் கேட்கும்போது அவளுக்கு எப்படி இருந்திருக்கும் என்று நான் யோசித்ததில்லை. இப்போதும் யோசிக்கவில்லை, கடிதம் நீளுகிறதே என்று எழுதினேன்.

சென்ற செவ்வாய்க்கிழமை மத்தியானம் பெரிய அண்டாவை மணல் போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தாள். நான் பக்கத்தில் நின்று மேற்பார்வை செய்துகொண்டிருந்தேன். தலையைத் தூக்காமலே பேசினாள்.

"நான் போகட்டுமா, இருக்கட்டுமா? வாயத் தொறந்து ஒண்ணு சொல்லு மனுஷா."

"எனக்கென்ன, உன் இஷ்டம். ஜெனரேட்டர் ஆயில் விலை ஏறிப்போச்சு, தெரியுமா?" என்றேன்.

அண்டாவைக் கவிழ்த்து வைத்தாள். "அந்தத் தம்பி வந்த புதுசுலயே என்னைக் கூடாரத்துல உக்கார வச்சு, 'அமுச்சேம்மா, உங்களுக்கு என்ன வேணும்?'னு கேட்டுச்சு. குழம்புக்கு என்ன வேணும்னு கேக்குதாக்கும்னு நினைச்சு வெங்காயம், எண்ணெய்னு அடுக்கிக்கிட்டே போறேன். 'இல்லம்மா, உங்களுக்கு'ன்னுச்சு. எனக்கு அழுகைதான் வந்துச்சு. என்கிட்ட அப்படி யாருய்யா கேட்டிருக்கா இதுவரைக்கும்?"

இசியோமா, கோலாப்போவின் சம்பளத்தைப் பார்த்து நான் பொறாமைப்படவில்லை. காலணி, வாசனை, சின்னச் சட்டி, எல்லாம் போகட்டும். அந்தக் கேள்வி இருக்கிறதே, அது என்னுடையதாக இருந்திருக்க வேண்டும். ஊரெல்லாம் சுற்றி யாருக்குப் பசி என்று கேட்டவன் நான். என் அடுப்படிக்காரியிடம் வேறொருவன் கேட்டுவிட்டுப் போய்விட்டான். உங்கள் படிப்பில் அந்தக் கேள்வியை எந்த வருஷத்தில் சொல்லித் தருகிறார்கள்? வயசானவர்களைச் சேர்த்துக்கொள்வார்களா?

அதன்பிறகு நானும் கேட்க முயன்றேன். நேற்றுக் காலை முகம் கழுவி, சட்டை மாற்றி, அடுப்படி வாசலில் நின்று தொண்டையைக் கனைத்தேன். "இருமலா? இஞ்சி தட்டிப் போடவா?" என்றாள். சரி என்றேன். இஞ்சித் தண்ணீர் குடித்தேன். வேறென்ன செய்ய?

உனக்கு ஒரு வேலை தருகிறேன். அத்தைக்குப் போன் போடு. நான் எழுதியதாகச் சொல்லாதே. சொன்னால் நான் எழுதப்படிக்கத் தெரியாதவன் என்று சத்தியம் செய்வேன். போகாதே என்று சொல்லச் சொல்லமாட்டேன். அவள் போக வேண்டும். அந்தக் குழம்பை லாகோஸ் சாப்பிட வேண்டும். சாப்பிட்டால் அங்கே போக்குவரத்து நெரிசலே தீர்ந்துவிடும், எல்லாரும் வண்டியை விட்டு இறங்கி அவள் வாசலில் நிற்பார்கள். நீ கேட்க வேண்டியது இவ்வளவுதான்: அந்த ஸ்டூடியோவில் தருகிற அறை எத்தனை பேருக்கானது? எதற்குக் கேட்கிறாய் என்றால், உங்கள் பாடத்தில் வருகிறது என்று சொல். தேர்வில் கேட்பார்கள் என்று சொல். அவள் பேச்சோடு பேச்சாக, "உன் மாமனையும் கூட்டிக்கிட்டுப் போலாம்னு பாக்கறேன், வருவாரோ என்னவோ" என்று சொன்னால், நீ யோசிக்காமல் பதில் சொல். என்ன பதில் என்பது உனக்கே தெரியும்.

லாகோஸில் நான் என்ன செய்வேன் என்று அவள் கவலைப்பட்டால், உப்புப் பார்க்க ஒரு ஆள் வேண்டாமா என்று கேள். சம்பளம் வேண்டாம். அட்டை மட்டும் இருந்தால் நல்லது.

குளிருக்குக் காதை மூடிக்கொள். படிப்பை முடி. உனக்கு வாய்க்கிறவன், உனக்கு என்ன வேண்டும் என்று கேட்கத் தெரிந்தவனாக இருக்கட்டும். கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருக்கிறவனாகவும் இருக்கட்டும். நைஜர் ஆறு பெருகுவதுபோல் நீ பெருகி வாழ வேண்டும்.

இப்படிக்கு,
அசாபாவின் வயிறுகளை ஆண்டவனும், கோலாப்போவின் ஜென்ம விரோதியும் ஆகிய
உன் மாமா,
அசூகா நுவான்ஸே.

பின்குறிப்பு: மேலே எழுதியவற்றில் தளபதி, கண்ணீர் உப்பு, ஆமென் சொன்ன ஆடு ஆகியவற்றை நீ நம்பவேண்டியதில்லை. மற்றவற்றையும் உன் விருப்பம்போல் கழித்துக்கொள். ஒரே ஒரு சின்ன விஷயம் மட்டும் நிஜம், அதையும் எழுத மறந்துவிட்டேன். இஞ்சித் தண்ணீர் குடித்த கையோடு, காற்று வாங்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டு பேருந்து நிலையத்துக்குப் போனேன். லாகோஸ் வண்டிக்காரன், "எத்தனை சீட்டு ஓகா?" என்றான். இரண்டு என்றேன்.