டோக்கன் இல்லாமல் இறங்கியவள்

12 ஆகஸ்ட், செவ்வாய்

காலையில் காபி கொடுக்கும்போது மருமகள் தன் கனவைச் சொன்னாள். சுரங்கத்துக்குள் ஆளை இறக்கும் கேஜில் ஏறித் தனியாகக் கீழே போனாளாம். சுரங்கமே இல்லாத பூதிகோட்டைப் பெண், கேஜைக் கண்ணால்கூடப் பார்த்ததில்லை. அது எப்படி அவள் தூக்கத்துக்குள் வந்தது? வருஷக்கணக்கில் அதில் இறங்கிய என் கனவில் ஒருநாளும் வந்ததில்லையே.

பழக்கதோஷம், "டோக்கன் எடுத்துனு போனியாம்மா?" என்று கேட்டுவிட்டேன்.

"இன்னா டோக்கன் மாமா? யாரும் ஒண்ணும் கேக்கல" என்று சிரித்தாள்.

இறங்கும்போது ஆளுக்கொரு டோக்கன் எடுத்துப் போவோம்; ஷிப்டு முடிந்தும் ஒரு டோக்கன் திரும்பி வராவிட்டால், கீழே ஆள் மாட்டிக்கொண்டதென்று தேடப் போவோம். டோக்கனே எடுக்காதவளை யார் தேடுவது? இதை நினைத்துத்தான் இந்த ராத்திரி தூக்கம் வரவில்லை.

காபி, சாப்பாடு தவிர, கல்யாணமாகி வந்தபின் நான் அவளைக் கேட்ட முதல் கேள்வி அதுதான் போலிருக்கிறது.