மொட்டைக்கடிதத்தில் ஒரு வரி

தோழிக்கு,

நீ வானொலிக்கு மர்ம நாடகம் எழுதிய காலத்திலும் தொலைக்காட்சித் தொடருக்குப் போன பிறகும் உன் பிரதிகளை முதலில் வாசித்தவள் நான். நேற்று உன் முதல் படத்தையும் பார்த்தேன்.

நாயகியின் கலியாணத்தை நிறுத்த ஒரு மொட்டைக்கடிதம் வருகிறது. "பொம்பிளை நல்ல பிள்ளைதான். ஆனால் ஆஸ்பத்திரியிலை மூண்டு நாள் ஏன் கிடந்தவள் எண்டு ஒருக்கால் கேட்டுப் பாருங்கோ." தியேட்டரில் கைதட்டினார்கள்.

என் கலியாணத்தை நிறுத்திய கடிதத்திலும் எழுத்துப் பிசகாமல் இதே வரிதான் இருந்தது. மாப்பிள்ளையின் தாய் அதை எனக்கு மட்டும் காட்டிவிட்டுக் கிழித்தெறிந்தார். டெங்குக் காய்ச்சல் என்று நான் சொன்னதை அவர் நம்பவில்லை. அந்த வரியை நான் யாரிடமும் சொன்னதில்லை, உன்னிடம்கூட.

ஆஸ்பத்திரியில் என் கட்டிலருகே இருந்த மச்சாள் உதயகலாதான் எழுதினாள் என்று நினைத்தேன். "சத்தியமா நான் இல்லையடி" என்று அழுதவளை, "நடியாதை, போ" என்று துரத்தினேன். நாலு வருடமாகப் பேச்சில்லை. அன்று பக்கத்தில் நின்று, "உவளை நம்பாதை" என்றவள் நீ.

நல்ல வரியை வீணாக்க உனக்கு மனம் வரவில்லை.

இன்று உடுவிலுக்கு, மச்சாள் வீட்டுக்குப் போகிறேன். கதவைத் திறந்தால் மன்னிப்புக் கேட்டுவிட்டு உன் பெயரைச் சொல்வேன். திறக்காவிட்டால் வாசல் ஒழுங்கையில் நின்று, ஊருக்கே கேட்கும்படி சொல்வேன்.

உனக்குத் தோழியாக இருந்தவள்