படம் வேண்டாம்

அன்பு மகளுக்கு,

நேற்று நீ அறைந்து சாத்திய கதவு இன்னும் என் காதில் அதிர்கிறது. உன்னை அப்படி வளர்க்கவில்லை.

"புத்துநோய்ல மார்பை எடுத்ததுக்கு நீ ஏம்மா வெக்கப்படணும்? தழும்போட ஒரு போட்டோ. எத்தனை பேருக்குத் தைரியம் வரும்!" என்றாய்.

"நான் என்ன ஜவுளிக்கடை பொம்மையாடி?" என்றேன்.

உடம்பை நேசிக்கச் சொல்லும் உங்கள் புகைப்படக் கண்காட்சிக்கு, என்னைக் கேட்காமலே என் பெயரைக் கொடுத்திருக்கிறாய். எடுத்துவிடு.

ஆபரேஷனுக்குப் பிறகு, உன் அப்பா இருந்தவரை இருட்டில்தான் உடை மாற்றினேன். அவர் கேட்டும் தழும்பைக் காட்டவில்லை. இன்றும் பஞ்சு வைத்துத் தைத்த உள்ளாடை இல்லாமல் நான் கண்ணாடி முன் நிற்பதில்லை. என்னாலேயே பார்க்க முடியாததை ஊருக்கு எப்படிக் காட்டுவேன்?

ஞாயிற்றுக்கிழமை கேமரா இல்லாமல் வா. உனக்கு மட்டும் காட்டுகிறேன். பட்டனைக் கழற்றும்போது நான் பாதியில் நிறுத்திவிட்டால், தைரியம் சொல்லாதே. பக்கத்தில் இரு, போதும்.

உன் அம்மா