சிரிப்பு அடங்கும் வரை

அன்புள்ள பெஸ்ஸி,

நீ ஒன்று கேட்டால் உன் தம்பி மோர்ட்டி போனில் வேறொன்று சொல்கிறான் என்று கோபித்திருந்தாய். நியூயார்க் லைன் மோசம் என்று வைத்துக்கொள்.

நாடக மேடையில் நான் அறைவதுபோல் கையை வீசுவேன், அவன் கைதட்டிச் சத்தம் கொடுத்துவிட்டு விழுவான். அதிலேயே இத்தனை வருடம் ஓட்டினோம். டெலிவிஷனில் கேமரா மூஞ்சிக்கு நேரே நிற்கிறது.

"பொய் அடின்னு அப்படியே தெரியுதுய்யா, நிஜமாவே அறை," என்றார் டைரக்டர்.

"அட, அடிங்க மாமா. வாரம் ஒருநாள் கூத்துதானே," என்றான் மோர்ட்டி.

ஒத்திகைகளிலும் அடி உண்டு. கன்னம் மாற்றி மாற்றித்தான் அடிக்கிறேன்.

இப்போதெல்லாம் நடிக்கும்போது என் முகத்தையே பார்க்கிறான். ஜனங்கள் சிரித்து அடங்கியதும் நான் லேசாகத் தலையசைப்பேன். அப்புறம்தான் அடுத்த வசனம் பேசுவான். திரும்பும்போது டாக்சியில், "சிரிச்சாங்களா?" என்பான். "சிரிச்சாங்கடா!" என்று கத்துவேன். டிரைவர் திரும்பிப் பார்ப்பார்.

போன சனிக்கிழமை நான் ஏன் வசனம் மறந்தவன்போல் நின்றேன் என்று கேட்டிருக்கிறாய். மறக்கவில்லை. நான் அறைந்தேன், அவன் மாவுத் தொட்டிக்குள் விழுந்தான், அரங்கில் ஒருத்தர்கூடச் சிரிக்கவில்லை. அவன் மாவு அப்பிய முகத்தோடு, ஆசையாக என்னையே பார்த்துக்கொண்டிருந்தான். நல்ல சிரிப்பு ஒன்று அடங்க எவ்வளவு நேரம் ஆகுமோ அவ்வளவு நேரம் நின்றேன். பிறகு தலையசைத்தேன்.

களைப்புடன்,
உன் வீட்டுக்காரன்