கருவாட்டுத் தண்ணியும் பெரியக்காவும்

அன்பும் பாசமும் நிறைந்த என் செலின் அண்ணிக்கு,

பூதலூரிலிருந்து உங்கள் சின்ன நாத்தனார் எழுதுகிறேன். அண்ணன் நன்றாக இருக்கிறார் என்று பொய் சொல்ல மாட்டேன். வேளாவேளைக்குச் சாப்பிடுகிறார், அவ்வளவுதான். குறுவை அறுத்தாயிற்று, சம்பாவுக்கு வாய்க்காலில் தண்ணீர் வந்துவிட்டது. ஆனால் நான் உட்கார்ந்தது இதையெல்லாம் எழுத இல்லை. பெரியக்காவைப் பழிவாங்கிவிட்டேன் அண்ணி. இதை உங்களிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வது?

நீங்கள் இருந்தால், "விடு ரோஸி, பெரியவங்க, ஏதோ சொல்லிட்டாங்க" என்பீர்கள். விட்டு விட்டுத்தானே நம் தலைமேல் ஏறினாள்?

சிங்கப்பூரில் நர்ஸாக இருந்தபோது உங்களுடன் தங்கியிருந்த வியட்நாம் பெண்ணிடம் கற்ற அந்த சாண்ட்விச்சை நம் வீட்டில் முதன்முதலாகச் செய்த ஞாயிற்றுக்கிழமை ஞாபகம் இருக்கிறதா? இஞ்சி, பூண்டு, எலுமிச்சம்புல் மூன்றையும் நசுக்கிப் போட்டு, கொத்துக்கறியை நீர் சுண்டும்வரை வதக்கினீர்கள். சோயா சாஸ் விட்டீர்கள். கடைசியில் மீன் சாஸ் பாட்டிலைத் திறந்ததும் அண்ணன் மூக்கைப் பொத்திக்கொண்டு, "என்னடி இது, கருவாட்டுத் தண்ணியா?" என்று அலறினார். நீங்கள் கண்ணில் நீர் வரச் சிரித்தீர்கள். அன்றிலிருந்து நம் வீட்டில் மீன் சாஸுக்குக் கருவாட்டுத் தண்ணி என்றே பெயர் ஆகிவிட்டது. தோசைக்கல்லில் சூடாக்கிய நீள பன்னுக்குள் அந்தக் கறியை வைத்து, வினிகரில் ஊறிய கேரட்டும் முள்ளங்கியும் திணித்து, மேலே மல்லித்தழை. அலறிய மனிதர்தான் அன்று மூன்று தின்றார்.

பெரியக்கா மட்டும் தொடவே மாட்டாள். தஞ்சாவூரிலிருந்து வரும்போதெல்லாம், "பன்னுக்குள்ள கறியா? கறின்னா சோத்துல போட்டுத் திங்கணும். சிங்கப்பூர்காரிக்கு அது எங்க தெரியும்" என்பாள். கழுதைக்குத் தெரியுமா கற்பூர வாசனை என்று நானும் விட்டிருப்பேன். ஆனால் உங்களைக் கூடத்தில் கிடத்தியிருந்தபோது, வந்தவர்கள் காது கேட்க அவள் சொன்னாள்: "கண்ட சாஸையும் ஊத்தித் தின்னா உடம்பு எப்படித் தாங்கும்?" காய்ச்சலில் போனவரைப் பார்த்துச் சொல்லும் வார்த்தையா அது? அண்ணன் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். நான் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். உங்களுக்காகத்தான் நின்றேன்.

அப்படிச் சொன்னவள் போன மாதம் போன் செய்தாள். அவர்கள் கோயில் திருவிழாவில் மாதர் சங்கத்துக்காரர்கள் சாப்பாட்டுக் கடை போடுகிறார்களாம்.

"அந்தப் பன்னு இருக்குல்ல, இப்ப பிள்ளைங்க எல்லாம் அந்த மாதிரிதான் கேக்குதுங்க. நானே கண்டுபிடிச்சதுன்னு சொல்லிட்டேன். நீ எங்கயும் உளறி வைக்காத. எப்படிச் செய்யறதுன்னு மட்டும் சொல்லு."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆனாலும் நிதானமாக எல்லாம் சொன்னேன். ஒன்றும் மறைக்கவில்லை.

"கடைசியா ஒரு பாட்டில்லேர்ந்து ஊத்துவாளே, அது என்னடி?"

"கருவாட்டுத் தண்ணிக்கா."

"கருவாட்டுத் தண்ணியா!"

"ஆமாக்கா, நம்ம வீட்டுல அதுக்கு அப்படித்தான் சொல்லுவோம்."

இதில் ஒரு சொல் பொய்யா, நீங்களே சொல்லுங்கள். நம் வீட்டில் உட்கார்ந்து ஒரு நாள் அதைச் சாப்பிட்டிருந்தால் அவளுக்கும் தெரிந்திருக்கும்.

அக்கா என்ன செய்தாள் தெரியுமா? அதிராம்பட்டினத்துக் கருவாடு விற்பவரிடம் நல்ல வாளைக் கருவாடாகப் பார்த்து வாங்கி, விடிய விடிய ஊறவைத்து, அந்தத் தண்ணீரை அண்டாக் கறியில் கொட்டிவிட்டாள். வேடிக்கை பார்க்க நானும் தஞ்சாவூர் போயிருந்தேன். கடைக்கு முன்னால் ஆட்களுக்கு முந்திப் பூனைகள் வந்துவிட்டன. முதல் பன்னைப் பங்குச் சாமியாருக்குக் கொடுத்தார்கள். பாவம், விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை. அங்கியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு தாம் தங்கும் அறை வீட்டுப் பக்கம் ஓடினார். எனக்கு மனசு குளிர்ந்துபோயிற்று அண்ணி.

அந்தக் குளிர்ச்சி நிலைக்கவில்லை. சங்கத்துப் பெண்கள் சூழ்ந்துகொண்டதும் பெரியக்கா கூசாமல் சொன்னாள்: "எனக்கென்ன தெரியும்? எங்க தம்பி பொண்டாட்டி செஞ்ச முறைதான் இது. செத்தவளைக் குத்தம் சொல்லக்கூடாது, ஆனா அவ கைப்பக்குவமே அப்படித்தான்." நன்றாக இருந்தால் அவள் கண்டுபிடித்தது, நாறினால் உங்களுடையது! அவளுக்கு வைத்த வேட்டு உங்கள் பெயரில் வெடித்ததே என்று பஸ்ஸில் வரும் வழியெல்லாம் கொதித்தேன். அப்படியே விட முடியுமா?

உங்கள் வருட நினைவுத் திருப்பலி வந்தது. சாப்பாடு என் பொறுப்பு என்று அண்ணனிடம் சொல்லிவிட்டேன். தஞ்சாவூர் மாதர் சங்கத்துப் பெண்கள் அத்தனை பேரையும் நேரில் போய் அழைத்தேன். அந்தச் சாமியாரையும் விடவில்லை, தயங்கித் தயங்கித்தான் வந்தார். வாசல் பந்தலில் அடுப்பு மூட்டி, எல்லோர் கண்ணெதிரிலும் செய்தேன். மீன் சாஸ் பாட்டிலைத் தூக்கிக் காட்டி, "இதுக்குத்தான் எங்க வீட்டுல கருவாட்டுத் தண்ணின்னு பேரு" என்றேன். முதலில் ஒருத்தி சிரித்தாள், அப்புறம் பந்தலே சிரித்தது. எல்லோரும் அக்காவைப் பார்த்துத்தான் சிரித்தார்கள். சாமியார் இரண்டு தின்றுவிட்டு, "செலினோட கைப்பக்குவம் இவ்வளவு நல்லாவா இருந்துச்சு!" என்றார். அதற்குத்தான் அண்ணி இத்தனை பாடும்.

பெரியக்காவும் ஒன்றை வாங்கித் தின்றாள். தலை குனிந்தபடி கடைசித் துணுக்குவரை தின்றுவிட்டு, இன்னொன்றுக்குக் கை நீட்டினாள். நான் தட்டைப் பின்னால் இழுத்தேன்.

"இது யாரோடதுக்கா?"

"என்னடி கேள்வி இது, அத்தனை பேருக்கு முன்னாடி?"

"அத்தனை பேருக்கு முன்னாடிதான் கேக்கறேன். சொல்லு."

"உங்க அண்ணியோடது."

"பேரு இல்லையா அவங்களுக்கு?"

"செலினோடது" என்றாள். இத்தனை வருடத்தில் உங்கள் பெயரை அவள் வாயால் கேட்டது அன்றுதான். அண்ணன் பந்தல் காலைப் பிடித்துக்கொண்டு அழுதார்.

பன்னைக் கொடுத்துவிட்டுத் திரும்பினேன். "அன்னிக்கு நான் அப்படிப் பேசியிருக்கக் கூடாதுடி" என்று பின்னாலிருந்து மெதுவாகச் சொன்னாள். கேட்டது. கேட்காத மாதிரி அடுத்த ஆளுக்குப் பரிமாறப் போய்விட்டேன். மன்னிப்பதானால் நீங்கள் மன்னித்துக்கொள்ளுங்கள், அது உங்கள் குணம். எனக்கு இன்னும் வயிறு எரிகிறது. நான் செய்தது தப்பா அண்ணி?

தப்பென்றாலும் சரி, சத்தியமாகச் சொல்கிறேன். வருடா வருடம் உங்கள் நாளில் இதே பந்தலில் இதே கறிதான். பெரியக்காவுக்குத்தான் முதல் அழைப்பு. உங்கள் பெயரை வாய்விட்டுச் சொன்ன பிறகுதான் அவள் கையில் பன் விழும்.

நீங்கள் போன பிறகும் உங்களை எவரிடமும் விட்டுக்கொடுக்காத
உங்கள் சின்ன நாத்தனார்,
ரோஸி